வூ நியென்-ஜென் பெயரில் ஒரு தொகுப்பு வேண்டும்: திரைப்பட விழாத் தேர்வுக் குழுவினருக்குத் திறந்த மடல்

மதிப்பிற்குரிய தேர்வுக் குழுவினருக்கு,

வணக்கம். 1980களில் எழுந்த, சாமானியரின் வாழ்வை இயல்பாகக் காட்டிய தைவான் புதிய அலைப் படங்கள் பெரும்பாலும் ஹூ சியாவ்-சியென், எட்வர்ட் யாங் ஆகிய இயக்குநர்களின் பெயர்களிலேயே தொகுத்துத் திரையிடப்படுகின்றன. அவ்விருவருக்கும் திரைக்கதை எழுதியவரும், பின்னர் தாமே இயக்குநரானவருமான வூ நியென்-ஜென்னின் பெயரில் ஒரு முழுத் தொகுப்பை அமைக்குமாறு உங்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

வடதைவானின் ருய்ஃபாங் மலைப்பகுதியில், சுரங்கத் தொழிலாளி ஒருவரின் மகனாக 1952இல் பிறந்த அவர், பதின்பருவத்திலேயே தைப்பேக்குச் சென்று, வேலை பார்த்துக்கொண்டே படித்து, சிறுகதைகள் எழுதி, அப்போதைய ஆளுங்கட்சிக்குச் சொந்தமாக இருந்த சென்ட்ரல் மோஷன் பிக்சர் நிறுவனத்தின் கதைப் பிரிவுக்கு வந்து சேர்ந்தார். யாங்கின் முதல் முழுநீளப் படமான 'தட் டே, ஆன் தி பீச்' (1983) யாங்கும் அவரும் சேர்ந்து எழுதியது. தைவான் மக்களின் எழுச்சியை அரசுப் படைகள் ஒடுக்கிய, பல பத்தாண்டுகள் பேசவே அஞ்சப்பட்ட 1947 பிப்ரவரிப் படுகொலையைத் தொட்ட, ஹூ இயக்கிய 'எ சிட்டி ஆஃப் சாட்னஸ்' படத்தை அவர் எழுத்தாளர் சூ தியென்-வென்னோடு இணைந்து எழுதினார். தைவானில் இராணுவச் சட்டம் நீங்கி இரண்டே ஆண்டுகளில், 1989இல், அது வெனிஸ் திரைப்பட விழாவின் முதன்மை விருதான தங்கச் சிங்கத்தைப் பெற்றது. ஹாங்காங் இயக்குநர் ஆன் ஹுய் தம் தாயின் வாழ்வைத் தழுவி எடுத்த 'சாங் ஆஃப் தி எக்ஸைல்' படத்துக்கும் எழுதியவர் இவரே.

இயக்குநர் பெயரால் தொகுக்கும்போது எது பிரிந்துபோகிறது என்பதற்கு இரண்டு படங்களே போதும். ஹூ இயக்கிய 'டஸ்ட் இன் தி விண்ட்' (1986), சுரங்க ஊரை விட்டுத் தலைநகருக்குப் போய், இராணுவப் பணியில் இருக்கும்போது காதலியை இழக்கும் இளைஞனின் கதை. அது வூவின் சொந்த இளமையிலிருந்து வந்தது. அவரே முதன்முதலாக இயக்கிய 'எ பாரோட் லைஃப்' (1994), அதே மலையில் தங்கிவிட்ட தந்தையின் கதை. ஜப்பானிய ஆட்சியில் வளர்ந்து, 1945க்குப் பின் சீனாவிலிருந்து வந்த அரசோடு ஒட்டாமல், சுரங்கத் தூசியால் நுரையீரல் கெட்டு, ஜப்பானை ஒருமுறையேனும் பார்த்துவிட ஏங்கும் அந்த மனிதரை, அவருடைய பிடிவாதத்தையும் சூதாட்டத்தையும் மறைக்காமல், மகனின் குரல் நமக்குச் சொல்கிறது. முதல் படத்தில் மகன் விட்டுச்சென்றது எது என்பது இரண்டாவதைப் பார்த்த பிறகுதான் முழுமையாகப் புரிகிறது. இரண்டின் எழுத்திலும் வூவின் கை இருக்கிறது. அந்த ஒருமையைப் பார்வையாளர் காண வழி செய்வது உங்கள் பொறுப்பு.

திரைக்கதை மட்டுமே படமாகிவிடாது என்பதையும், இவற்றில் பல கூட்டாக எழுதப்பட்டவை என்பதையும் நான் மறுக்கவில்லை. கூட்டு உழைப்பு என்பதனாலேயே ஒருவரை மட்டும் முன்னிறுத்துவது தவறு என்கிறேன். வூ இயக்கிய 'புத்தா பிளெஸ் அமெரிக்கா' (1996) 'எ பாரோட் லைஃப்' படத்தின் ஆழத்தை எட்டவில்லை என்பது என் கருத்து. ஆயினும் அதையும் தொகுப்பில் சேருங்கள். யாங்கின் 'யி யி'யில் (2000) அவர் ஏற்ற குடும்பத் தலைவர் வேடத்தையும், 2001 முதல் மேடைக்கு எழுதி இயக்கிவரும் நாடகங்களின் பதிவுகள் கிடைத்தால் அவற்றையும் இணைக்கலாம்.

'டஸ்ட் இன் தி விண்ட்', 'எ பாரோட் லைஃப்' இரண்டையும் ஒரே நாளில், அடுத்தடுத்துத் திரையிடுங்கள். விழாக் கையேட்டில் ஒவ்வொரு படத்துக்கும் இயக்குநரின் பெயருக்குப் பக்கத்திலேயே, அதே அளவு எழுத்தில், எழுதியவர்களின் பெயர்களையும் அச்சிடுங்கள்.

இங்ஙனம்,
ஒரு தமிழ்ப் பார்வையாளர்