மார்க் வேண்டாம், தேதி கேள்

மாதுங்கா, மும்பை

அன்புள்ள முருகேசா,

உன் கடிதம் கிடைத்தது. செல்வி ரீவேல்யூவேஷனுக்குப் பணம் கட்டி மாதக்கணக்காகியும் முடிவு வரவில்லை, எம்.எஸ்ஸி. சேர்க்கையோ முடியப்போகிறது, கோர்ட்டுக்குப் போகலாமா என்று கேட்டிருக்கிறாய். தாராளமாகப் போகலாம். ஆனால் அங்கே போய் என்ன கேட்கிறோம் என்பதுதான் முக்கியம்.

2017-ல் மும்பை பல்கலைக்கழகத்தில் நடந்த கூத்து நினைவிருக்கிறதா? விடைத்தாள்களை ஸ்கேன் செய்து கம்ப்யூட்டரில் திருத்தும் முறையை அவசர அவசரமாகக் கொண்டுவந்தார்கள். 17 லட்சத்துக்கும் மேல் விடைத்தாள். திருத்தும் வாத்தியார்களுக்கே அது புதுசு. தேர்வு முடிந்து 45 நாளுக்குள் முடிவு வரவேண்டும் என்று மகாராஷ்டிரா பல்கலைக்கழகச் சட்டமே சொல்கிறது. ஆளுநர் வித்யாசாகர் ராவ் ஜூலை 31 என்று கெடு வைத்தும் முடியவில்லை. பாம்பே ஐகோர்ட்டில் மாணவர்கள் மனு போட்டார்கள். அக்டோபரில் துணைவேந்தர் சஞ்சய் தேஷ்முக்கைப் பதவியிலிருந்தே நீக்கினார்கள். அப்போது நான் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. ஆபீஸுக்கு வந்த பிள்ளைகளில் பாதிப்பேர், 'ஜட்ஜே பேப்பரைத் திருத்திப் பார்க்கட்டும்' என்பார்கள். அது நடக்காத காரியம்.

மறுமதிப்பீடு என்பது விதியில் இருந்தால்தான் உண்டு, தானாக வரும் உரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் 1984-லேயே சொல்லிவிட்டது. 2017 டிசம்பரில் ரண் விஜய் சிங் வழக்கில் இன்னும் கறாராக, விடைத்தாளைத் திருத்துவது கோர்ட்டின் வேலை அல்ல, இதில் இரக்கத்துக்கும் இடமில்லை என்றது. ஆனால் செல்வி விஷயம் வேறு. விதி இருக்கிறது, பணமும் வாங்கிவிட்டார்கள், வேலையைத்தான் செய்யவில்லை. 'இத்தனை நாளில் முடித்து முடிவை வெளியிடு' என்று உத்தரவு கேட்டு அரசியலமைப்புச் சட்டம் 226-வது பிரிவின் கீழ் ஐகோர்ட்டில் ரிட் மனு போட்டால் நீதிபதி காது கொடுத்துக் கேட்பார். கூடவே, முடிவு வரும்வரை தற்காலிகச் சேர்க்கை கொடுக்கச் சொல்லி இடைக்கால நிவாரணமும் கேட்கச் சொல். அப்படிக் கேட்டால் எம்.எஸ்ஸி. சேர்க்கிற கல்லூரியையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். பலர் இதை மறந்துவிடுகிறார்கள். உங்களுக்கு ஐகோர்ட்டின் மதுரைக் கிளைதானே, சென்னைக்கு அலைய வேண்டாம்.

அதற்கு முன்னால், தேர்வுக் கட்டுப்பாட்டு அதிகாரிக்குப் பதிவுத் தபாலில் ஒரு மனு அனுப்பு. 'எங்களிடம் கேட்கவே இல்லையே' என்று நாளைக்கு அவர்கள் சொல்லக்கூடாது. விடைத்தாள் நகல் இன்னும் வாங்கவில்லை என்றால் ஆர்.டி.ஐ.யில், அதாவது தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம், தன் விடைத்தாளைப் பார்க்க மாணவருக்கு உரிமை உண்டு என்று 2011-ல் தீர்ப்பே இருக்கிறது. கட்டணம் 10 ரூபாய், கெடு 30 நாள். சேர்க்கை அதற்குள் முடிந்துவிடும் என்றால் அதற்காகக் காத்திருக்காதே.

செல்வியோடு இதே நிலையில் எத்தனை பேர் என்று விசாரி. நாலைந்து பேர் மனு போட்டால் வக்கீல் செலவும் பங்காகும், அவள் மட்டும் தனியாகத் தெரியவும் மாட்டாள். அந்தப் பயம் அவளுக்கு இருக்கும், வெளியே சொல்லமாட்டாள்.

இங்கே மழை விட்டபாடில்லை. சரசுவுக்கு முட்டிவலி அப்படியே இருக்கிறது. பணம் கட்டிய ரசீதையும் ஹால் டிக்கெட்டையும் வாட்ஸ்அப்பில் அனுப்பு, மதுரையில் எங்கள் பழைய ஜூனியர் ஒருவர் இருக்கிறார், பேசிப் பார்க்கிறேன்.

அன்புடன்,
சுந்தரம்