தோற்காத அணிக்கு வராத அழைப்பு

சான்பிரான்சிஸ்கோ

அன்புள்ள சுந்தரம்,

உன் கடிதம் கிடைத்தது. பேத்திக்குப் பெயர் வைத்த செய்தியைப் படித்து வீட்டில் எல்லோருக்கும் மகிழ்ச்சி. ஓய்வு பெற்ற பிறகும் காலையில் மைதானத்துக்குப் போய்ப் பிள்ளைகளுக்கு வாலிபால் சொல்லிக் கொடுக்கிறாய் என்பதில் எனக்கு இன்னும் மகிழ்ச்சி. இங்கே மகளும் மருமகனும் நலம். எனக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது.

மகள் வீட்டிலிருந்து நடக்கும் தூரத்தில் சான்பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகம் இருக்கிறது. இயேசு சபையார் நடத்துவது. அதன் 1951ஆம் ஆண்டுக் கால்பந்து அணியைப் பற்றிக் கொஞ்ச நாளாகப் படித்து வருகிறேன். விளையாட்டோடு வாழ்ந்தவன் நீ. உனக்குச் சொல்லாமல் யாருக்குச் சொல்வேன்?

இது பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு, மறிப்பவர்களை முட்டி விலக்கி ஓடும் அமெரிக்கக் கால்பந்து. அந்தப் பருவத்தில் இந்த அணி ஒன்பது ஆட்டம் ஆடியது, ஒன்பதிலும் வெற்றி. சான் ஹோசே அணியை இரண்டு முறை தோற்கடித்தது, இரண்டாவது முறை 42–7. நியூயார்க்குக்குப் போய் ஃபோர்டாம் பல்கலைக்கழகத்தோடு ஆடியதுதான் கடினமான ஆட்டம்: 32–26. அன்று ஆலி மேட்சன் செய்ததைக் கேள். எதிரணி உதைத்து அனுப்பிய பந்தைத் தன் எல்லைக்கு அருகில் பிடித்து, பதினோரு பேரையும் கடந்து, மறுமுனை வரை ஓடிப் புள்ளி எடுத்தார். அதுவும் ஒரே ஆட்டத்தில் இரண்டு முறை, இரண்டும் 90 கெஜத்துக்குக் குறையாத ஓட்டம். அந்த ஆண்டு முழுவதும் அவர் ஓடியது 1,566 கெஜம். நாட்டிலேயே அதுதான் முதலிடம். தடுப்பாட்டத்தில் பர்ல் டோலர் தூணாக நின்றார். இருவரும் கறுப்பர்கள். அணியில் மற்ற எல்லோரும் வெள்ளையர்கள்.

அங்கே பருவம் முடிந்ததும் நல்ல அணிகளைப் புத்தாண்டையொட்டி 'பௌல்' ஆட்டங்களுக்கு அழைப்பார்கள். மயாமியில் ஆரஞ்சு பௌல், நியூ ஆர்லியன்ஸில் சுகர் பௌல் என்று பெரியவை பல தென் மாநிலங்களில்தான் நடந்தன. நிறவெறி சட்டமாகவே இருந்த ஊர்கள் அவை. கறுப்பர் இருவரையும் விட்டுவிட்டு வருவதானால் அழைப்பு உண்டு என்ற செய்தி வந்தது. பயிற்சியாளர் ஜோ கூஹாரிச் அதை அணியின் காதில் போட்டார். வாக்கெடுப்புக்கே இடமில்லாமல் பிள்ளைகள் மறுத்துவிட்டார்கள். எதிரணிகள் பலமில்லாதவை, அதனால்தான் அழைக்கவில்லை என்று காரணம் சொன்னவர்களும் உண்டு. ஆனால் இதே அணியிலிருந்து ஜீனோ மார்கெட்டி, பாப் செயின்ட் கிளேர், மேட்சன் என மூன்று பேர் பிற்காலத்தில் தொழில்முறைக் கால்பந்தின் புகழ் மண்டபத்தில் இடம் பிடித்தார்கள். பலம் போதவில்லை என்ற பேச்சை நான் ஏற்க மாட்டேன்.

அதே பருவத்தில் ஓக்லஹோமாவில் நடந்ததையும் சேர்த்துப் பார். டிரேக் பல்கலைக்கழகத்தின் ஜானி பிரைட், கறுப்பர், நல்ல ஆட்டக்காரர். பந்து அவர் கையில் இல்லாதபோதே எதிரணி வீரர் ஒருவர் ஓங்கிக் குத்தித் தாடையை உடைத்தார். அதைப் படம் பிடித்த பத்திரிகைக்காரர்களுக்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது. காலம் அப்படி இருந்தது. அந்தக் காலத்தில் இருபது வயதுப் பிள்ளைகள் சொன்ன 'முடியாது' இது.

அதற்கு அவர்கள் கொடுத்த விலை ஒரே ஒரு ஆட்டம் அல்ல, சுந்தரம். பல்கலைக்கழகத்துக்குக் கால்பந்தால் நஷ்டம் ஏறிக்கொண்டே இருந்தது. பௌல் பணம் வந்திருந்தால் ஓரளவு தாக்குப் பிடித்திருக்கும். அது இல்லாமற் போகவே, பருவம் முடிந்த கையோடு அணியையே கலைத்துவிட்டார்கள். தோல்வியே காணாத அணி, அடுத்த ஆண்டு இல்லை! படிப்பு முடியாமல் இருந்த செயின்ட் கிளேர் டல்சா பல்கலைக்கழகத்துக்கு மாறிப்போய் ஆட வேண்டியிருந்தது.

மேட்சன் 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் 400 மீட்டர் ஓட்டத்தில் வெண்கலமும் தொடர் ஓட்டத்தில் வெள்ளியும் வாங்கினார். ஆனால் என் மனம் டோலரைச் சுற்றித்தான் வருகிறது. அதே ஆண்டு ஒரு காட்சி ஆட்டத்தில் முழங்கால் போயிற்று. தொழில்முறை வாழ்க்கை தொடங்குமுன்பே முடிந்தது. மனிதர் ஒதுங்கிவிடவில்லை. பள்ளி ஆசிரியரானார், தலைமையாசிரியரானார். 1965இல் தொழில்முறைக் கால்பந்தில் நடுவராக நின்ற முதல் கறுப்பர் அவர்தான். 1980இல் சூப்பர் பௌல் இறுதி ஆட்டத்திலும் நடுவர் குழுவில் இருந்தார்.

பல்கலைக்கழக வளாகத்தில் ஒரு மாணவர் விடுதி இருக்கிறது. அதற்கு முன்பு ஜேம்ஸ் ஃபீலன் என்பவரின் பெயர். இந்த நகரத்தின் மேயராக இருந்தவர். 1920இல் கலிபோர்னியாவை வெள்ளையர் மாநிலமாகவே வைத்திருப்போம் என்று முழங்கி செனட் தேர்தலில் நின்றவர். ஆசியர்கள் வந்து குடியேறுவதே அவருக்கு ஆகாது. அவர் பெயர் வேண்டாம் என்று மாணவர்கள் வற்புறுத்தினார்கள். 2017இல் அதை எடுத்துவிட்டு டோலரின் பெயரை வைத்தார்கள். அந்த வாசலில் போய் நின்று பெயரை எழுத்துக்கூட்டிப் படித்தேன். என் பேரன் இந்த ஊரில் பிறந்தவன். அவனையும் கூட்டிப்போய்க் காட்டினேன்.

ஒரு விஷயத்தில் உன் கருத்து எனக்கு வேண்டும். அந்த அழைப்பைக் கூஹாரிச் பிள்ளைகளிடம் கொண்டுபோனது சரியா? அந்த இருவரும் அதே அணியில் இருக்க, இப்படி ஒரு கேள்வி எழுந்ததே அவர்களை நோகடித்திருக்காதா? பயிற்சியாளரே மறுத்து அனுப்பியிருக்கலாம் என்று முதலில் நினைத்தேன். அப்படிச் செய்திருந்தால் மற்றவர்கள் தாங்களாக மறுக்கும் வாய்ப்பும் இருந்திருக்காது என்று இப்போது தோன்றுகிறது. இத்தனை ஆண்டு அணிகளை நடத்தியவன் நீ. உன் இடத்திலிருந்து யோசித்து விரிவாக எழுது.

தங்கைக்கு என் விசாரிப்புகளைச் சொல். பேத்தியின் படம் ஒன்று அனுப்பு.

அன்புடன்,
கணபதி