காற்றில்லாத நோட்டு

பாளையங்கோட்டை
ஆடி மாதம்

அன்புள்ள மக்கா,

மூன்று மாதமாகப் பதில் போடாமல் இருந்தது தப்புதான். போனில் நீ திட்டியதை வாங்கிக்கொண்டேன். பக்கத்தில் மைனி சிரித்ததும் கேட்டது. முழங்கால் பரவாயில்லை. சுத்தமல்லிக்காரன் வீட்டுக் கல்யாணத்தில் உன்னை மூன்று பேர் விசாரித்தார்கள், சாப்பாட்டில் குறை சொல்ல ஆள் இல்லாமல் பந்தியே சப்பென்று இருந்ததாம். ஊர்ச் செய்தி அவ்வளவுதான்.

எழுத உட்கார்ந்தது உன் மகளுக்காக. ஏ.டி.சி. (விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாடு) பரீட்சை தேறிப் பிரயாக்ராஜ் பயிற்சிக் கல்லூரிக்குக் கிளம்புகிறாள் என்று கேட்டதிலிருந்து எனக்குத் தரையில் கால் பாவவில்லை. ஆனால் அவள் கோச்சிங் நோட்டைப் போட்டோ எடுத்து அனுப்பினாயே, அதைப் பார்த்ததிலிருந்து தூக்கமும் இல்லை. 'வெக்டரிங்' என்று தலைப்பு, இரண்டு பக்கம்; ரேடாரைப் பார்த்து விமானிக்குத் திசை சொல்லித் திருப்புகிற எங்கள் வேலைதான் அது. சொல்ல வேண்டிய வாசகங்கள் அத்தனையும் பிசகாமல் இருக்கின்றன. அந்த இரண்டு பக்கத்திலும் காற்று இல்லை, மலை இல்லை. காற்றும் மலையும் இல்லாத வெக்டரிங்கை எந்தப் புண்ணியவான் சொல்லிக்கொடுத்தானோ!

போதாதற்கு, மகேந்திரகிரியில் ராக்கெட் இன்ஜினைச் சாய்த்துத் திருப்புவதையும் வெக்டரிங் என்கிற நீ வேறு அடியில் கிறுக்கியிருக்கிறாய்: 'எங்க மலையிலும் வெக்டரிங், உங்க கோபுரத்திலும் வெக்டரிங், பேர்தான் ஒண்ணு.' அப்படிச் சொல்லி நகர்ந்துவிட முடியாது லேய். உன் இன்ஜினை வைத்தே சொல்கிறேன்.

முதலில் காற்று. குறுக்குத்துறையில் தண்ணீர் வரத்து அதிகமாக இருக்கும்போது எதிர்க்கரை மண்டபத்தைப் பார்த்து நேரே நீந்தினால் எங்கே கரை ஏறுவோம்? கீழே, கால் கிலோமீட்டர் தள்ளி. மண்டபத்தில் ஏற வேண்டுமானால் மூக்கை மேற்கே, தண்ணீர் வருகிற பக்கம் வைத்து நீந்த வேண்டும். விமானமும் இப்படித்தான். மூக்கு பார்க்கிற திசை ஹெடிங். அது தரைமேல் உண்மையில் போகிற கோடு டிராக். ரேடார் திரையில் நமக்குத் தெரிவது டிராக். நாம் விமானியிடம் கேட்பதோ ஹெடிங். கண்ணுக்குத் தெரிவது ஒன்று, வாயால் கேட்பது வேறொன்று. வெக்டரிங்கின் கஷ்டம் முழுதும் இந்த இடைவெளியில்தான் இருக்கிறது. அவள் நோட்டில் இந்த ஒரு வரி இல்லை.

அவளுக்கு ஒரு தாள் கணக்கு தருகிறேன். கிராஃப் தாளும் பாகைமானியும் போதும். தூத்துக்குடி விமான நிலையத்து வாகைகுளம் ஓடுபாதையை எடுத்துக்கொள்ளட்டும், கிழக்கு மேற்காக 10, 28 (100, 280 டிகிரி) என்று கிடக்கிறது. ஆடி மேல்காற்று, 270 டிகிரியிலிருந்து 25 நாட் (மணிக்கு 25 கடல்மைல்). அதனால் கடல் பக்கமிருந்து வந்து 28-இல் இறங்க வேண்டும். விமானம் ஓடுபாதைக்குத் தெற்கே, தரைக்கு மேல் 3000 அடியில், 180 நாட் வேகத்தில் கிழக்கு நோக்கிப் போகிறது.

இறங்குகிற சரிவைக் காட்டும் கதிரான கிளைடு பாத் 3 டிகிரி என்றால் ஒவ்வொரு கடல்மைலுக்கும் ஏறக்குறைய 320 அடி. ஆகவே 3000 அடியில் வருகிறவன் அதைச் சந்திப்பது ஒன்பதரை மைலில். கீழிருந்துதான் சந்திக்க வேண்டும், அதற்கு முன்பே லோக்கலைசர் (ஓடுபாதையின் நேர்க்கோட்டைக் காட்டும் கதிர்) கோட்டில் அமர்ந்து சமமட்டத்தில் பறக்க வேண்டும். மேலிருந்து விழுந்து பிடிக்கப் போனால் வேகம் குறையாது, உயரமும் அடங்காது. அதனால் 12 மைலில் கோட்டைப் பிடிக்க வைப்பது நல்லது. 12 கடல்மைல் என்றால் 22 கிலோமீட்டர், தூத்துக்குடி ஊரைத் தாண்டிக் கடல்மேல்.

இப்போது காற்றைச் சேர்க்கட்டும். கிழக்கே போகும்போது காற்று முதுகில் தள்ளுகிறது, தரைவேகம் 205. அடுத்த திருப்பத்துக்கு ஒரு நிமிஷம் தாமதமாகச் சொன்னால் மூன்றரை மைல் மன்னார் வளைகுடாவுக்குள் போய்விடும். வடக்கே திருப்ப 'லெஃப்ட், ஹெடிங் 010' என்று சொன்னாள் என்று வைத்துக்கொள். 180 நாட் வேகத்துக்கு 25 நாட் குறுக்குக்காற்று 8 டிகிரி தள்ளும், டிராக் 018 ஆகிவிடும், விமானம் இன்னும் கிழக்கே நழுவும். 010 கோட்டில் போக வேண்டுமானால் 002 கொடுக்க வேண்டும். ஹெடிங்கை 0-விலோ 5-இலோ முடிவதாகத்தான் கொடுப்போம், ஆகவே 360. வடக்கை 000 என்று சொல்லும் பழக்கம் இல்லை, 'த்ரீ சிக்ஸ் ஜீரோ'தான். கடைசியாக 310 கொடுத்தால் காற்றில்லாதபோது கோட்டை 30 டிகிரியில் வெட்டும், இந்தக் காற்றில் 36 ஆகும். 45-ஐத் தாண்டவே கூடாது. அகலமாக வெட்டினால் ஆட்டோபைலட் திரும்பி முடிப்பதற்குள் கோடு பின்னால் போய்விடும், வடக்குப் பக்கம் நிற்பான்.

திருப்பத்துக்கும் இடம் வேண்டும். விநாடிக்கு 3 டிகிரி வீதம், 180 நாட்டில், 25 டிகிரி சாய்ந்து திரும்பினால் ஆரம் கிட்டத்தட்ட ஒரு கடல்மைல். 250 நாட்டில் அதே சாய்வு என்றால் இரண்டு மைல். இதோடு பேச்சு நேரத்தையும் சேர்க்க வேண்டும். நாம் சொல்லி, விமானி திருப்பிச் சொல்லி, ஹெடிங் குமிழைத் திருகி, விமானம் சாயத் தொடங்குவதற்குள் பத்து விநாடி. 180 நாட்டில் அது அரை மைல். ரேடார் சுற்றி வர நாலைந்து விநாடி எடுப்பதால் திரைப்புள்ளியே பழையது. அவள் 'இப்போது' என்று பார்ப்பது சில விநாடிக்கு முந்தைய சங்கதி என்ற நினைப்பு விரல்நுனியில் இருக்க வேண்டும்.

இங்கேதான் உன் மலை வருகிறது. ராக்கெட்டின் விகாஸ் இன்ஜினை 4 டிகிரி சாய்த்தால் போதும் என்று நீ முதலில் சொன்னபோது எனக்கு நம்பிக்கை வரவில்லை. பிறகு கணக்குப் போட்டேன். 80 டன் உந்துவிசையில் 4 டிகிரிக்குப் பக்கவாட்டில் கிடைப்பது ஐந்தரை டன். முன்னோக்கிப் போகிற விசையில் இழப்பு கால் சதவீதம்கூட இல்லை. கொஞ்சம் சாய்த்து நிறையத் திருப்புவது அழகான வேலை மக்கா. பி.எஸ்.எல்.வி. முதல் கட்டத்தில் நாசில் (எரிவாயு பீறிடும் வாய்) சாயாமலே, பக்கத்தில் கட்டிய இரண்டு தொட்டியிலிருந்து ஸ்ட்ரான்ஷியம் பெர்குளோரேட் கரைசலை நாசில் சுவருக்குள் பீய்ச்சி, அந்தப் பக்கம் அழுத்தத்தைக் கூட்டித் திருப்புகிறீர்கள். மூன்றாம் கட்டத்துக்கு வளைகிற நாசில். ஒரே ராக்கெட்டுக்குள் திருப்ப இத்தனை வழி! தஞ்சாவூரில் நிற்கிற சுகோய்-30 நாசில் 15 டிகிரி வரை மேலும் கீழும் ஆடும், அந்த ஆட்டத்தின் அச்சு சரிந்திருப்பதால் வலது இடது நாசில்களை வேறுவேறாக ஆட்டினால் மூக்குப் பக்கவாட்டிலும் திரும்பும். நான் எடுத்துக்கொள்வது வேறு விஷயம். இன்ஜினைச் சாய்த்ததும் முதலில் தள்ளப்படுவது வால், மூக்கு மறுபக்கம் போகிறது. வேண்டிய கோணம் வந்தபின் நிறுத்தலாம் என்றிருந்தால் தாண்டிவிடும், வருவதற்கு முன்பே எதிர்ப்பக்கம் சாய்த்துச் சுழற்சியை அடக்கி, பூஜ்யத்துக்குக் கொண்டுவர வேண்டும். சாய்க்கிற கருவியான ஆக்சுவேட்டர் சாய்ந்த இடத்திலேயே சிக்கிக்கொண்டால் ராக்கெட் முடிந்தது. சாய்க்கிற கட்டளையோடு நிமிர்த்துகிற கட்டளையும் சேர்ந்தே பிறக்கிறது. உங்களுக்கு அதைக் கம்ப்யூட்டர் செய்கிறது. எங்களுக்கு? ஒரு மனுஷி ஞாபகம் வைத்துச் செய்ய வேண்டும்.

இதற்காகத்தான் இவ்வளவு எழுதுகிறேன். வெக்டர் கொடுப்பது சுலபம். கொடுத்ததை முடிப்பதுதான் வேலை. விமானி தன் பாதையில் தானே போய்க்கொண்டிருக்கும்வரை மலைக்கும் தனக்கும் இடையிலான தூரம் அவன் பொறுப்பு. கருவி விதிப்படி பறக்கிறவனுக்கு நாம் ஹெடிங் கொடுத்துப் பாதையிலிருந்து விலக்கிய நிமிஷத்திலிருந்து அந்தப் பொறுப்பு நம் கைக்கு வந்துவிடுகிறது. மேகத்துக்குள் இருக்கிறவன் நம்மை நம்பித்தான் திரும்புகிறான். அதனால்தான் வெக்டரிங்குக்கென்று குறைந்தபட்ச உயரம் பகுதி பகுதியாக வரைந்து வைத்திருக்கிறது. மிக உயர்ந்த தடைக்கு மேல் 1000 அடியாவது இருக்க வேண்டும், மலைநாட்டில் அதை 2000 வரை கூட்டுவார்கள். அகத்தியமலை 1868 மீட்டர், அடியில் ஏறக்குறைய 6130. அதற்கு மேல் 2000 என்றால் எட்டாயிரத்தைத் தாண்டுகிறது. வாகைகுளத்துக்குப் பக்கத்தில் 3000 அடியில் ஒருவனுக்கு 'ஹெடிங் 270' கொடுத்துவிட்டு இன்னொரு விமானத்தோடு பேசப் போனால், பத்துப் பதினைந்து நிமிஷத்தில் எதிரே பொதிகைத் தொடர். அந்த நேரம் பார்த்து ரேடியோ அறுந்தால்?

1974 டிசம்பர் 1-ஆம் தேதி நடந்ததை அவளுக்கு நீயே சொல்லு. டி.டபிள்யூ.ஏ. என்ற அமெரிக்க நிறுவனத்தின் 514, போயிங் 727, வாஷிங்டன் டலஸ் விமான நிலையத்தில் இறங்க வந்தது. கட்டுப்பாட்டாளர் கொடுத்த ஹெடிங்கில் வந்து, 44 மைல் தள்ளி இருக்கும்போதே 'அப்ரோச்சுக்கு அனுமதி', அதாவது இறங்க நெருங்கும் அனுமதி, கிடைத்தது. எவ்வளவு உயரத்தில் இருக்க வேண்டும் என்று அந்த அனுமதியில் இல்லை. ரேடாரில் நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கிறவர் தடை இருந்தால் சொல்லியிருப்பார் என்று விமானிகள் எடுத்துக்கொண்டார்கள். இனி உயரம் விமானியின் பாடு என்று கட்டுப்பாட்டு அறையில் எடுத்துக்கொண்டார்கள். 1800 அடிக்கு இறங்கப் போய் மவுண்ட் வெதர் என்ற மலையில் மோதி 92 பேரும் இறந்தார்கள். பேசிய சொற்களில் எதுவும் இலக்கணப் பிழை இல்லை மக்கா. அவள் நோட்டில் இருக்கிற மாதிரியே சுத்தமான வாசகம். அதற்குப் பிறகுதான் அமெரிக்காவில், தரை நெருங்கினால் கத்துகிற கருவியைப் பெரிய பயணிகள் விமானங்களில் கட்டாயமாக்கினார்கள். அப்ரோச் அனுமதியோடு உயரத்தையும் சொல்லும் முறை இறுக்கமானதும் அதற்கப்புறம்தான்.

அதனால் முதல் நாளிலிருந்து அவள் பழக வேண்டியதை எழுதுகிறேன். ஹெடிங் கொடுக்கும்போது எதற்காக என்பதைச் சொல்ல வேண்டும்: இடைவெளிக்கா, மழைமேகத்துக்கா, இறங்கவா. காரணம் தெரிந்த விமானி, நாம் மறந்தால் நமக்கு நினைவூட்டுவான். முன்னே போகிறவன் கனரக விமானமாக இருந்து பின்னால் ஏ.டி.ஆர். போன்ற சின்ன விமானம் வந்தால் 5 மைல் விட வேண்டும். அந்த இடைவெளிக்காக லோக்கலைசரைத் தாண்டி ஓட்டப் போகிறோம் என்றால் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். சொல்லாவிட்டால் கோடு கடந்து போவதைப் பார்த்து அவன் தானே திரும்பிவிடலாம், திரும்பினால் முன்னே போகிறவன் முதுகில். வெக்டரிங் முடிந்ததும் எங்கே இருக்கிறான் என்று இடத்தைச் சொல்லி, 'இனி உன் பாதையில் போ' என்று வாய்விட்டு விடுவிக்க வேண்டும். மனசுக்குள் விட்டது கணக்கில் சேராது. ஒவ்வொரு ஹெடிங்கையும் ஸ்டிரிப்பில், அந்த விமானத்தின் குறிப்புச் சீட்டில், எழுத வேண்டும், எத்தனை தான் வேலை குவிந்தாலும். எழுதியது அடிக்கப்படாமல் கிடந்தால் கண் தானாக அங்கே போகும்.

கோச்சிங்காரர்களைக் குறை சொல்லித் தீராது, பரீட்சைக்கு அது போதும். ஆனால் இவள் உட்காரப் போவது நாற்காலியில், பரீட்சைக் கூடத்தில் இல்லை.

தாள் கணக்கை இரண்டு தரம் போடச் சொல்லு. ஒன்று மேல்காற்று 25 நாட்டில், இன்னொன்று காற்றே இல்லாமல். இரண்டு கோட்டையும் ஒரே தாளில், வேறுவேறு மையில் வரையட்டும். பிறகு விமானத்தை ஓடுபாதைக்கு வடக்கே வைத்து, எல்லாத் திருப்பத்தையும் வலப்பக்கமாக மாற்றி மறுபடி போடட்டும். கோட்டை வெட்டுகிற ஹெடிங் அப்போது 250 வர வேண்டும், வராவிட்டால் எங்கே தவறியது என்று அவளே தேடட்டும், நீ சொல்லிக் கொடுக்காதே. தாளைத் தபாலில் அனுப்பு, போட்டோ வேண்டாம், பாகைமானி வைத்து அளந்து பார்க்க வேண்டும்.

வருகிற ஞாயிறு பணகுடிக்கு வரலாமா? காவல்கிணறு பஸ்ஸில் வந்துவிடுவேன், பதினோரு மணிக்கு முன்னால்.

உன்,
பழைய பெஞ்சுக்காரன்