கோழி, கோளி, கோடி

ஓசூர்,
கார்த்திகை. நல்ல குளிர்.

அன்புள்ள மாரி,

உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. சின்னவளுக்கு இங்கே வேலை கிடைத்திருக்கிறது என்று படித்ததும் ராதாவைக் கூப்பிட்டுச் சொன்னேன். "மாடி ரூம் சும்மாதானே கிடக்கு, இங்கயே இருக்கட்டும்" என்றாள். அதனால் தங்குகிற கவலையை விடு. பதில் எழுத உட்கார வைத்தது உன்னுடைய இன்னொரு கேள்வி. "அங்கே இப்போ என்ன பாஷைடா ஓடுது? இவளுக்குத் தமிழை விட்டால் வேறு நாதி இல்லை" என்று கேட்டிருக்கிறாய். 12 வருசம் இந்த ஊரில் குப்பை கொட்டிய ஆள் நீ. அப்போதே உனக்கு இது பிடிபடவில்லை, எனக்கும்தான்.

ஞாயிற்றுக்கிழமை மூக்கண்டபள்ளியில் கறி வாங்கப் போனேன். எனக்கு முன்னால் இரண்டு பேர். ஒருத்தர் "நாட்டி கோளி இதெயா?" என்றார். "இதெ சார்" என்றார் கடைக்காரர். அடுத்த அம்மா "நாட்டு கோடி உந்தா?" என்று கேட்டார். "உந்திம்மா." என் முறை வந்ததும் என் மூஞ்சியைப் பார்த்து அவரே, "நாட்டுக்கோழி இருக்கு அண்ணா, எவ்ளோ?" என்றார். திரும்பிக் கூண்டருகே நின்ற பையனிடம் உருதில் என்னவோ சொன்னார், அதில் 'முர்கி' மட்டும் எனக்கு விளங்கியது. ஒரே கூண்டு, ஒரே கோழி, நாலு பெயர்.

இதைப் பார்த்ததும் 1986 ஞாபகம் வந்துவிட்டது. நாம் இரண்டு பேரும் வந்து இறங்கிய மாசம், ஒரு மெஸ்ஸில் உட்கார்ந்து "கோளிக்கொளம்பு இருக்கா?" என்று கேட்டாய். பரிமாறினவன் உனக்குச் சடசடவென்று கன்னடத்தில் பதில் சொன்னான். நீ முழித்த முழி! நம் கரிசல்காட்டு நாக்குக்கு 'ழ' வராது. வாளைப்பளம்தான், கோளிதான். கன்னடத்திலும் பழைய ழகரம் போய் ளகரமாகிவிட்டது. அதனால் கோவில்பட்டிக்காரனை இந்த ஊர்க்காரன் கன்னடத்துக்காரன் என்று நினைத்தது அவன் தப்பே இல்லை. தெலுங்கில் அந்த ழ டகரமாகிவிட்டது. ஏழு என்பது ஏடு, கோழி என்பது கோடி. ராதா வீட்டில் முதல் தடவை விருந்துக்குப் போனபோது மாமியார் 'கோடி' என்றதும் நான் பணக்கணக்கு பேசுகிறார்கள் என்று நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

ஊர்ப்பேரே இந்த விவகாரம்தான். கன்னடத்தில் ஹொச ஊரு, புது ஊர். பழைய கன்னடத்தில் அது 'பொச'. நம்முடைய 'புது'வுக்குச் சொந்தம். ஆயிரம் வருசத்துக்கு முன்னால் கன்னடத்தில் சொல்லின் முதலில் வரும் பகரம் ஹகரமாக மாறத் தொடங்கியது. பால் ஹாலு ஆனது, பள்ளி ஹள்ளி ஆனது, பொச ஹொச ஆனது. அந்த ஹகரத்தை இந்தப் பக்கத்து வாய் விழுங்கிவிட்டு ஓசூர் என்றது. சானசந்திரத்தில் குடியிருந்தோமே, அந்தச் சந்திரத்துக்கும் நிலாவுக்கும் சம்பந்தமில்லை, சமுத்திரம் தேய்ந்து அப்படி ஆனது. ஏரிக்குச் சமுத்திரம் என்று பேர் வைக்கிற தாராளம் இந்த மேட்டு நிலத்துக்காரர்களுக்கு.

நாம் நினைத்துக்கொண்டிருந்தோம், தமிழ்நாட்டின் ஓரத்தில் கன்னடமும் தெலுங்கும் வந்து ஒட்டிக்கொண்டது என்று. கதை தலைகீழ். 1792இல் திப்புவிடமிருந்து பாராமகாலை, அதாவது கிருஷ்ணகிரி, தர்மபுரிப் பக்கத்தை, கிழக்கிந்தியக் கம்பெனிக்காரன் வாங்கினான். அப்போதும் ஓசூர் மைசூர்ப் பக்கமே இருந்தது. 1799இல் ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்த பிறகுதான் சேலத்தோடு சேர்த்தார்கள். மலைக்கு மேலே இருப்பதால் பாலாகாட் என்று பேர். பாஷை இருந்த இடத்தில் இருந்தது, கோடுதான் நகர்ந்து நகர்ந்து வந்தது. மொழிவாரி மாநிலம் பிரித்த பிறகும் அது முழுசாக நிலைக்கவில்லை. 1960இல் திருத்தணி இந்தப் பக்கம் வந்தபோது சேலம் மாவட்டத்தின் சில ஊர்கள் ஆந்திராவுக்குப் போயின. என் மாமனார் பாகலூர் ரோட்டில் ஒரே வீட்டில் பிறந்து அதே வீட்டில் செத்தவர். ஆனால் சேலம் மாவட்டத்தில் பிறந்து, 1965க்குப் பிறகு தர்மபுரிக்காரராகி, 2004இல் கிருஷ்ணகிரிக்காரர் ஆனார். "நான் எங்கயும் போவலப்பா, ஜில்லாதான் என்னைத் தாண்டித் தாண்டிப் போவுது" என்பார்.

அவர் பேசியது என்ன பாஷை என்று கேட்டால் மாடு மேய்க்கிற கூலியாளிடம் கன்னடம், வீட்டில் தெலுங்கு, தாலுகா ஆபீசில் தமிழ். களியைக்கூட ஆளைப் பார்த்துத்தான் சொல்வார். நமக்குக் களி, கன்னடத்து உறவுக்கு முத்தே, வீட்டு வாசலுக்குள் வந்தால் சங்கட்டி. மூன்றும் அதே கேழ்வரகு உருண்டை. இதைக் கலப்படம் என்று நாம் அந்தக் காலத்தில் கிண்டல் பண்ணினோம். எனக்கு இப்போது அப்படித் தோன்றவில்லை. அந்த மனுசன் ஒரு பாஷையிலும் தடுமாறியதில்லை. எதிரே இருக்கிறவனுக்கு எது சௌகரியமோ அதை எடுத்துப் பேசுவது அவருக்கு மரியாதை, அவ்வளவுதான்.

அவர் சொல்லித்தான் எனக்கு இன்னொன்றும் புரிந்தது. நாம் பள்ளிக்கூடத்தில் செய்யுளில் படித்த சொல்லெல்லாம் இங்கே அடுப்படியில் கிடக்கிறது. 'இல்' என்று நாம் மனப்பாடம் செய்ததை ராதா 'இல்லு' என்கிறாள். 'மனை' பத்திரத்தில் மட்டும் வருகிற சொல் நமக்கு, பக்கத்து வீட்டுக் கன்னடக்காரருக்கு 'மனெ' என்றால் வீடு. 'செப்புதல்' நமக்குப் புலவர் பேச்சு, இவள் நாளைக்கு நூறு தரம் 'செப்பு' என்று என்னை மிரட்டுகிறாள். மாட்டிக்கொள்கிற சொற்களும் உண்டு. 'சாக்கு' என்றால் கன்னடத்தில் போதும் என்று அர்த்தம். சாப்பாட்டுப் பந்தியில் ஒருவர் கையை மறித்து "சாக்கு, சாக்கு" என்றார், நீ என்ன சாக்குச் சொல்கிறார் என்று என்னிடம் கேட்டாயே.

நாம் பார்த்த ஓசூர் இதற்கு மேலே கட்டிய ஓசூர். அதற்கு முன்னால் இங்கே பெரிசாக என்ன இருந்தது? மத்திகிரியில் 1824இல் பட்டாளத்துக்குக் குதிரை வளர்க்க ஆரம்பித்த பண்ணை, இப்போது கால்நடைப் பண்ணை. மலைமேல் சந்திரசூடேஸ்வரர். தொரப்பள்ளியில் ராஜாஜி பிறந்த வீடு. மொரப்பூரிலிருந்து ஒரு குட்டி ரயில் தர்மபுரி வழியாக இங்கே வந்துகொண்டிருந்தது, இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் தண்டவாளத்தைப் பெயர்த்துக்கொண்டு போய்விட்டார்கள். பிறகு எழுபதுகளில் சிப்காட் என்கிற அரசாங்கத் தொழிற்பேட்டை. பின்தங்கிய பகுதி என்று மானியம், பெங்களூர் 40 கிலோமீட்டர், சென்னை 300க்கு மேலே. முதலாளி பெங்களூரில் குடியிருந்துகொண்டு தமிழ்நாட்டுச் சலுகையில் கம்பெனி நடத்தலாம். இந்தக் கணக்கில்தான் ஊர் வளர்ந்தது, வேறு ரகசியம் இல்லை. 1980இல் டி.வி.எஸ். 50 இங்கிருந்துதான் வெளியே வந்தது. அதே வருசம் அசோக் லேலண்ட். 1984இல் டாட்டாவும் தமிழ்நாட்டுத் தொழில் வளர்ச்சிக் கழகமும் சேர்ந்து டைட்டன் ஆரம்பித்து, பள்ளிப்படிப்பு முடித்த பிள்ளைகளை ஊர் ஊராகப் போய் எடுத்து வந்து கைக்கடிகாரம் பூட்டக் கற்றுக்கொடுத்தார்கள். நமக்கு வாய்த்தது அந்தப் பெரிய கம்பெனிகளுக்குப் பாகம் கடைந்து கொடுக்கிற ஒரு லேத்துப் பட்டறை.

அந்தப் பட்டறையின் பேச்சு உனக்கு ஞாபகம் இருக்கிறதா? வேலூர் ஃபோர்மேன் "இன்னாபா, ஜாப்பு ஓடிகினு கீதா?" என்பார். சேலத்துப் பையன் வாய்க்கு வாய் "ங்க". நாம் "என்னலே". முதல் ஆறு மாசத்தில் அந்த 'லே' நம்மிடமிருந்து கழன்றுவிட்டது, மதுரைக்காரனிடமிருந்து 'ய்யா' கழன்றது. பிசிறு எடுக்கிற மாதிரி ஒருத்தர் ஒருத்தரைத் தேய்த்து, எந்த ஊருக்கும் சொந்தமில்லாத ஒரு தமிழ் ஆகிவிட்டோம். நான் ஊருக்கு வந்தால் என் அண்ணன் மகன்கள் "சித்தப்பா மெட்ராஸ்காரர் மாதிரி பேசுறாரு" என்கிறார்கள். மெட்ராஸ்காரனோ என்னைத் தெலுங்கனா என்கிறான்.

செட்டர் ராமண்ணா ஸ்பானரைக் கொடுத்து "டைட் மாடு" என்பார். அவரே ஆந்திராக்காரப் பையனைப் பார்த்து "டைட் செய்யி". நம்மைப் பார்த்து "டைட் பண்ணுப்பா". இங்கிலீஷ் சொல்லை நடுவில் வைத்து வாலை மட்டும் மாற்றிக்கொள்வார். "நட்டுக்கு எல்லாம் ஒண்ணுதான்" என்று சிரிப்பார். 1998இல் முதலாளி கதவைச் சாத்தி, நமக்கு வர வேண்டியதைத் தராமலே இழுத்தடித்தபோது, கேட்டருகே உட்கார்ந்து மூன்று பாஷையிலும் திட்டியவர் அவர் ஒருத்தர்தான். போன வருசம் போய்ச் சேர்ந்துவிட்டார். உனக்குச் சொல்லத் தவறிவிட்டேன்.

வருத்தமான சங்கதி ஒன்று. ராதாவின் தெலுங்கு அவளோடு முடிகிறது. என் மகளுக்குக் காதில் விழும், வாயில் வராது. அம்மா தெலுங்கில் கேட்பாள், இவள் தமிழில் பதில் சொல்வாள். மச்சினன் பையன் தெலுங்கு மீடியத்தில் படித்தவன். 2006இல் தமிழ் கட்டாயம் என்று சட்டம் வந்து, வகுப்பு வகுப்பாக ஏறி, 2016இல் அவன் பத்தாவது எழுதும்போது தலைக்கு மேல் நின்றது. சிறுபான்மை மொழிக்காரர்கள் கோர்ட்டுக்குப் போய் விலக்கு வாங்கினார்கள். தமிழ் எல்லோரும் படிக்க வேண்டியதுதான், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் அந்தப் பையன் கடைத்தெருவில் அழகாகத் தமிழ் பேசுகிறவன், பரீட்சைத் தாளைப் பார்த்து அழுததை நான் பார்த்தேன். இன்னொரு கூத்து, விஜயவாடாவிலிருந்து மாடிக்குக் குடிவந்த இன்ஜினியரிடம் ராதா ஆசை ஆசையாகத் தெலுங்கில் பேசினாள். பத்து நிமிசம் கேட்டுவிட்டு அவர், "மீரு தமிழ்லயே மாட்லாடண்டி, பரவாலேது" என்றார், நீங்கள் தமிழிலேயே பேசுங்கள் என்று. ரெண்டு நாள் அவள் யாரோடும் பேசவில்லை.

கோடு எங்கே இருக்கிறது என்று எனக்கு உறைத்தது 2016 செப்டம்பரில்தான். காவிரித் தகராறில் பஸ் எல்லாம் நின்றுபோச்சு. நம் பஸ் ஜுஜுவாடியோடு சரி, அவர்கள் பஸ் அத்திப்பள்ளியோடு சரி. நடுவில் ஜனம் பெட்டி படுக்கையோடு நடந்தது. எலக்ட்ரானிக் சிட்டியில் வேலை பார்த்த மகளைக் கூட்டிவர நானும் எதிர்த்திசையில் நடந்தேன். இந்தப் பக்கம் நின்ற ஷேர் ஆட்டோக்காரன் "அத்திப்பள்ளி, அத்திப்பள்ளி" என்று கத்தினான். கொஞ்ச தூரம் போனதும் இன்னொருத்தன் "அத்திபெலே, அத்திபெலே" என்று கூவினான். ஊர் ஒன்றுதான். அன்றைக்கு மட்டும் எந்தப் பேரைச் சொல்வது என்று யோசித்து யோசித்து வாயைத் திறந்தேன். மகளைக் கண்டதும் "அப்பா, இங்க தமிழ் பேசாதீங்க" என்று கிசுகிசுத்தாள். அவளிடம் நான் தெலுங்கில் பேசினேன். அவள் சிரித்துவிட்டாள், அவ்வளவு மோசமான தெலுங்கு.

இப்போது ஊர் 2019லிருந்து மாநகராட்சி. கெலமங்கலம் பக்கம் செல்போன் பாகம் செய்கிற கம்பெனிக்கு ஜார்க்கண்டிலிருந்தெல்லாம் பெண்பிள்ளைகள் வந்து ஹாஸ்டலில் இருக்கிறார்கள். உழவர் சந்தையில் கொத்தமல்லி விற்கிற பேரிகைக் கிழவி முன்னெல்லாம் கொத்தமல்லி, கொத்திமீரா, கொத்தம்பரி என்று மூன்று குரல் கொடுப்பாள். இப்போது நாலாவதாக 'தனியா பத்தா'வும் சேர்ந்திருக்கிறது. பத்து ரூபாய் என்பதை 'தஸ்' என்கிறாள். அவளுக்கு அதில் ஒரு கூச்சமும் இல்லை.

ஆகையால் சின்னவள் தமிழை மட்டும் வைத்துக்கொண்டு தைரியமாக வரட்டும். ஆறு மாசத்தில் கேட்டுப் புரிந்துகொள்வாள், ஒரு வருசத்தில் பஸ்ஸில் சண்டை போடுவாள். கோளி என்று கேட்டுக் கன்னடத்தில் பதில் வந்தால் பயப்பட வேண்டாம் என்று மட்டும் சொல்லி வை.

ஸ்வெட்டர் கட்டாயம், நம் ஊர் வெயிலை நம்பி வந்துவிடப் போகிறாள். விடியற்காலையில் பஸ் வந்தால் ஸ்டாண்டுக்குள்ளேயே உட்காரச் சொல், நான் டி.வி.எஸ். 50இல் வந்து கூட்டிப்போகிறேன். ஆமாம், அதே வண்டிதான், சீட்டு மட்டும் மாற்றியிருக்கிறேன். கடலை மிட்டாய் இரண்டு கிலோ கொடுத்து அனுப்பு. ராதா ஒரு கிலோ என்றுதான் எழுதச் சொன்னாள்.

அன்புடன்,
செல்வராசு