நிலாவுக்கும் நம் ஊர்தானா?

அன்பு மகளுக்கு, அம்மா எழுதிக்கொள்வது.

நேற்று போனில் நீ சலித்துக்கொண்டதே மனதில் ஓடிக்கொண்டிருக்கிறது. எவர்சில்வர் டம்ளரில் இருந்த பாலை உயரமான கண்ணாடிக் கிளாசுக்கு மாற்றினாயாம். "இது ரொம்ப நிறைய, குடிக்க மாட்டேன்" என்று பேரன் அழுதானாம். அதே பால்தானே என்று மூன்று தடவை கேட்டும் பிடிவாதம் பிடித்தான் என்றாய். அது பிடிவாதம் இல்லையம்மா. நாலு வயதுக் கண்ணுக்குப் பால் ஏறி நிற்கும் உயரம்தான் தெரிகிறது. கிளாஸ் ஒடுங்கியிருப்பதையும் சேர்த்துப் பார்க்க இன்னும் இரண்டு மூன்று வருடமாவது ஆகும்.

ஆசிரியப் பயிற்சியில் ழான் பியாஜே என்ற சுவிட்சர்லாந்து அறிஞரைப் பற்றிப் படித்தேன். 1920 வாக்கில் பாரிஸில் பிள்ளைகளுக்கு அறிவுத்திறன் தேர்வு வைக்கப் போனவர், அவர்களுடைய தவறான விடைகளில் மனதைப் பறிகொடுத்தார். ஒரே வயதுப் பிள்ளைகள் ஒரே விதமாகத் தவறுகிறார்களே, அப்படியானால் அதற்குள் ஒரு யோசனை இருக்கத்தானே வேண்டும்? பிறகு தன் மூன்று பிள்ளைகளையும் கைக்குழந்தைப் பருவத்திலிருந்தே கவனித்து எழுதிவைத்தார்.

பால் ஏறி நிற்கும் உயரம் மட்டும்தான் இந்த வயதுக்குத் தெரியும் என்று அவர் சொன்னதை அப்படியே ஏற்றுவிடவும் முடியாது. 1970களில் மார்கரெட் டொனால்ட்சன் என்ற உளவியல் அறிஞரும் அவருடன் பணியாற்றியவரும், சம எண்ணிக்கையில் இரண்டு வரிசையாகக் காய்களை அடுக்கி, ஒரு பொம்மைக் கரடியை வைத்துச் சோதித்தார்கள். பெரியவர் ஒரு வரிசையைக் கலைத்தால் எண்ணிக்கையே மாறிவிட்டது என்ற பிள்ளைகளில் பலர், குறும்புக் கரடி வந்து கலைத்தபோது மாறவில்லை என்று சரியாகச் சொன்னார்கள். பெரியவர் வேண்டுமென்றே ஒன்றைச் செய்துவிட்டு மறுபடியும் கேட்டால், ஏதோ மாறியிருக்கிறது, அதனால்தான் கேட்கிறார் என்று குழந்தை எடுத்துக்கொள்கிறது. நீ மூன்று தடவை கேட்டாய் அல்லவா, அதைத்தான் நினைத்துக்கொண்டேன்.

உனக்கு நினைவிருக்காது. ஐந்து வயதில், திருவண்ணாமலையிலிருந்து இரவு பஸ்ஸில் திரும்பும்போது ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாய். "நிலா நம் கூடவே வருகிறதே, அதற்கும் நம் ஊர்தானா அம்மா?" என்றாய். நான் களைப்பில், "அதெல்லாம் வராது, பேசாமல் தூங்கு" என்றேன். வீடு வரும்வரை நீ வாய் திறக்கவில்லை. எதை வைத்து அப்படிச் சொல்கிறாய் என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். முப்பது வருடமாக அது எனக்குள் உறுத்திக்கொண்டேதான் இருக்கிறது.

நாளைக்குப் பாலை அவன் கையிலேயே கொடு. டம்ளரிலிருந்து கிளாசுக்கும், கிளாசிலிருந்து டம்ளருக்கும் அவனே ஊற்றிப் பார்க்கட்டும். சிந்தினால் துடைத்துக்கொள்ளலாம். அப்போது அவன் என்ன சொன்னான் என்று, திருத்தாமல், அவன் வார்த்தையிலேயே எனக்கு எழுது.

அன்புடன்,
அம்மா