பாதிக்கப்பட்ட பிள்ளைக்கா தண்டனை?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஒரு மாணவியின் படத்தை எடுத்து இணையத்தில் யாரோ அசிங்கப்படுத்தினால், எங்கள் பக்கத்தில் முதலில் நின்றுபோவது அவளுடைய படிப்புதான். நான் மேல்நிலைப் பள்ளி ஆசிரியை. என் வகுப்பு மாணவி ஒருத்தி பெயரில் இன்ஸ்டாகிராமில் போலிக் கணக்கு தொடங்கி, ஆபாச வாசகங்களோடு அவள் படத்தையும் அம்மாவின் கைபேசி எண்ணையும் போட்டுவிட்டார்கள். ஆண்டு விழாவில் எடுத்த படம் அது. பெற்றோர் வாட்ஸ்அப் குழுவில் பகிரப்பட்டது. எண்ணும் அதே குழுவில் எல்லோர் கண்ணுக்கும் தெரிவதுதான். ராத்திரி முழுக்க யார் யாரோ அழைத்தார்கள். வீட்டில் அவள் போனைப் பிடுங்கினார்கள், பள்ளிக்கு அனுப்புவதையும் நிறுத்தினார்கள். "நீ ஏன் போட்டோவுக்கு நின்னே?" என்று உறவினர் ஒருவர் கேட்டாராம். பரிசு வாங்கிய பிள்ளை படம் எடுத்துக்கொண்டது குற்றமா?

பெற்றோர்களே, பயத்தில் எதையும் அழித்துவிடாதீர்கள். அந்தக் கணக்கின் இணைய முகவரியோடு ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். பிறகு தேசிய சைபர் குற்றப் புகார் தளத்தில் பதிவு செய்யுங்கள். சைபர் குற்ற உதவி எண் 1930, குழந்தைகள் உதவி எண் 1098 ஆகியவற்றிலும் உதவி கேட்கலாம். காவல் நிலையத்துக்குப் பெண் பிள்ளையைக் கூட்டிப்போக வேண்டுமே என்றுதான் பலர் தயங்குகிறார்கள். 18 வயதுக்கு உட்பட்ட பிள்ளைக்குப் பாலியல் தொல்லை என்றால் போக்சோ சட்டம் பொருந்தும். அதன் 24-ஆவது பிரிவுப்படி வாக்குமூலத்தை வீட்டிலேயே வாங்கலாம், வாங்கும் காவலர் சீருடையில் இருக்கக்கூடாது. பிள்ளையின் அடையாளத்தை வெளியிட ஊடகங்களுக்கும் தடை உண்டு. இதெல்லாம் அந்த அம்மாவுக்குத் தெரியவில்லை. தெரிந்த எவரும் சொல்லவும் இல்லை.

பள்ளிகளுக்கும் பொறுப்பு இருக்கிறது. 2023-ஆம் ஆண்டின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயதுக்கு உட்பட்டோரின் தகவலைக் கையாளப் பெற்றோர் ஒப்புதல் வேண்டும் என்கிறது. அதன் முக்கியக் கடமைகள் அமலாக அவகாசம் கொடுத்திருக்கிறார்கள், சரி. அதுவரை காத்திருக்க வேண்டுமா? பெற்றோருக்குத் தகவல் அனுப்ப, குழுவுக்குப் பதில் வாட்ஸ்அப்பின் பிராட்காஸ்ட் லிஸ்ட் போதும்; ஒருவர் எண் இன்னொருவருக்குத் தெரியாது. தேர்ச்சி ஃபிளெக்ஸில் பிள்ளைகளின் படத்தைப் போடும் முன் வீட்டில் ஒரு வார்த்தை கேட்கலாம்.

ஜூனில் பள்ளி திறப்பதற்குள் முதன்மைக் கல்வி அலுவலர்கள் இதற்கொரு சுற்றறிக்கை அனுப்ப வேண்டும். தொல்லைக்கு ஆளான பிள்ளை எத்தனை நாள் வராவிட்டாலும் பெயரை நீக்காமல், விட்ட பாடங்களை நடத்தித் தர வேண்டும் என்பதையும் அதில் சேர்க்க வேண்டும்.

மாணவியை யாரும் அடையாளம் காணக்கூடாது என்பதால் என் பெயரையும் ஊரையும் வெளியிட வேண்டாம் எனக் கேட்டுக்கொள்கிறேன்.

– ஓர் ஆசிரியை, விருதுநகர் மாவட்டம்