கோடு வரல, சார்

அன்புள்ள சேகர்,

ஆறு மாதமாகக் கடிதம் போடாததற்கு நீ திட்டப்போகும் திட்டெல்லாம் எனக்கு மனப்பாடம். அதனால் அந்தப் பகுதியைத் தாண்டிவிடலாம். வீட்டில் எல்லோரும் நலம். அம்மாவுக்கு முழங்கால் வலி, சின்னவளுக்கு ப்ளஸ் டூ, எனக்கு வழக்கம்போல் நைட் டியூட்டி. குட்டை கணேசன் மறுபடியும் வீடு மாறிவிட்டான். இந்த முறையும் பூரிக்கட்டை பழைய வீட்டிலேயே நின்றுவிட்டது. போதும்.

இரண்டு விஷயத்துக்காக எழுதுகிறேன். இரண்டாவது உன்னைப் பற்றியது, கடைசியில் வரும். முதலாவது, மூன்று வாரத்துக்கு முன்னால் என் கையால் ஒரு பையன் செத்திருப்பான். வீட்டில்கூட இதை முழுதாகச் சொல்லவில்லை.

பதினேழு வயசு. தரையில் பாய் போட்டுப் படுத்திருந்தவன் நடுராத்திரி வயிற்றுவலி என்று எழுந்திருக்கிறான். வீட்டில் சோடா வாங்கிக் கொடுத்துப் படுக்க வைத்துவிட்டார்கள். நாலு மணிக்கு இமையைத் தூக்க முடியவில்லை, பேச்சு மூக்கால் வருகிறது. எங்களிடம் கொண்டுவந்தபோது ஐந்து மணி. உடம்பில் கடிவாய் என்று ஒன்றும் தெரியவில்லை. கட்டுவிரியன் அப்படித்தான், தூங்குகிறவனுக்குக் கடித்ததே தெரியாது. வயிற்றுவலியும் தொங்கும் இமையும் சேர்ந்து வந்தால், பாம்புக்கடிதான் என்று முடிவு செய்ய எங்கள் பக்கத்தில் யாரும் தயங்க மாட்டோம். மூச்சுக்கு எவ்வளவு பலம் மிச்சம் என்று பார்க்க ஒரே மூச்சில் எண்ணச் சொன்னேன், பதினைந்து வரை எண்ணினான். அரை மணியில் அது ஆறாகிவிட்டது. எச்சிலை விழுங்க முடியாமல் வாயோரம் வழிந்தது. தூக்கி உட்கார வைத்தால் தலை நிற்கவில்லை.

விஷமுறிவு மருந்து ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் இந்த விஷம் நரம்பு நுனியில் வேலையை முடித்துவிட்ட பிறகு மருந்து போட்ட உடனே தசை எழுந்துவிடாது. சில நாள் நாம்தான் அவனுக்காக மூச்சு விட வேண்டும். விட்டால் போதும், பெரும்பாலும் முழுசாக எழுந்து நடந்து போவார்கள். எங்கள் தொழிலில் இவ்வளவு நல்ல பேரம் அபூர்வம். வாய் வழியாக மூச்சுக்குழாய்க்குள் விடும் குழாய் சரியான இடத்தில் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

இதில் ஒரு கொடுமை உண்டு. இவர்கள் பிணம்போலக் கிடப்பார்கள், ஆனால் காது கேட்கும், நினைவு இருக்கும். பக்கத்தில் நின்ற ஒருவர் “இது தேறாதுங்க” என்றார், நல்ல சத்தமாகவே. நான் குனிந்து, “தம்பி, உனக்குக் கேக்குதுன்னு எனக்குத் தெரியும். தூங்க ஊசி போடப்போறேன். எந்திரிக்கும்போது வாயில குழாய் இருக்கும், பயப்படாதே” என்றேன். அதுவரை நல்ல டாக்டராகத்தான் நடந்துகொண்டேன்.

மூன்று நிமிடம் முழு ஆக்சிஜன், பிறகு ஊசி, பிறகு லாரிங்கோஸ்கோப், அதாவது தொண்டைக்குள் பார்க்கும் விளக்குக் கருவி. உள்ளே ஒரே எச்சில். சக்‌ஷன் வைத்து எடுத்தால் மறுபடி ஊறுகிறது. குரல்நாணைப் பார்த்தேன், அல்லது பார்த்ததாக நினைத்தேன். குழாய் வழுக்கிக்கொண்டு போனது. கையால் அழுத்திக் காற்றுச் செலுத்தும் ஆம்பு பையை அழுத்தினேன், நெஞ்சு உயர்ந்தது போலிருந்தது. ஸ்டெதஸ்கோப்பில் ஏதோ சத்தம். குழாயில் ஆவிகூடப் படிந்தது. விரலில் மாட்டிய ஆக்சிஜன் அளவு 98. எல்லாம் சரி.

அப்போது ஸ்டாஃப் நர்ஸ், வேலைக்குச் சேர்ந்து மூன்று மாதம் ஆன சின்னப் பெண், மெதுவாக, “சார், கோடு வரல” என்றாள்.

கேப்னோகிராஃப் என்று ஒன்று இருக்கிறது. வெளியே விடும் மூச்சில் வரும் கார்பன் டை ஆக்சைடைத் திரையில் கோடாக வரையும். குழாய் மூச்சுக்குழாயில் இருந்தால் ஒவ்வொரு மூச்சுக்கும் ஒரு பெட்டி, வரிசையாக, ரயில் பெட்டி மாதிரி (ரயில் ஓட்டுகிறவன் நீ என்பதற்காகச் சொல்லவில்லை, நிஜமாகவே அப்படித்தான் இருக்கும்). உணவுக்குழாயில் இருந்தால் தட்டைக் கோடு. நான் என்ன சொன்னேன் தெரியுமா? “அந்த லைன் அடைச்சிருக்கும், மாத்து.” மாற்றினாள். கோடு வரவில்லை. “மெஷின் கோளாறு” என்றேன். இருபத்திரண்டு வருஷ அனுபவம் பேசுகிறது, கேட்டுக்கொள். திரும்பவும் சொன்னாள். நான் ஸ்டெதஸ்கோப்பைக் கழற்றவே இல்லை. மூன்றாவது முறை அவள் குரல் உயர்ந்தது, கொஞ்சம் நடுங்கியது. “சார், கோடு இல்ல. எடுத்துடலாம் சார்.”

எடுத்துவிட்டேன். மாஸ்க்கை வைத்து இரண்டு கையாலும் தாடையைத் தூக்கிப் பிடித்தேன், அவள் பையை அழுத்தினாள். அப்போதுதான் 98 இறங்க ஆரம்பித்தது. 91 வரை போய்த் திரும்பி வந்தது. அதுதான் பொறி. நாம் முன்கூட்டியே நிரப்பிய ஆக்சிஜனில் உடம்பு சில நிமிடம் ஓடும், குழாய் வயிற்றில் இருந்தாலும் ஓடும். அந்த எண் எனக்குச் சொன்னது பழைய செய்தி.

இரண்டாவது தடவை அவசரப்படவில்லை. தலைக்கு அடியில் துணி மடித்து வைத்து, காது மடல் நெஞ்செலும்பு மட்டத்துக்கு வரும்படி தூக்கினேன். மூக்கு வழியாக ஆக்சிஜன் ஓடிக்கொண்டே இருந்தது. முதலில் பூஜியை விட்டேன். பூஜை இல்லை, பூஜி. நீளமான, வளையும் குச்சி, நுனி மட்டும் லேசாக மடங்கியிருக்கும். அது மூச்சுக்குழாய்க்குள் போனால் குருத்தெலும்பு வளையங்களில் டக் டக் டக் என்று தட்டிக்கொண்டு போவது விரலுக்குத் தெரியும். தண்டவாள இணைப்பில் சக்கரம் தட்டுகிற மாதிரி என்றால் சிரிப்பாய். அதன் மேல் குழாயை வழுக்கி இறக்கினேன். திரையில் ஒரு பெட்டி, இரண்டு பெட்டி… அவள் வாய்விட்டு எண்ணினாள். ஏழு வரை எண்ணினாள். ஏழு மூச்சுக்குக் கோடு நிலைத்து வர வேண்டும் என்று 2022-ல் வந்த சர்வதேச வழிகாட்டி சொல்கிறது. எனக்கு அது அப்போது தெரியாது. அவள் படித்திருந்தாள்.

ஆறாம் நாள் குழாயை எடுத்தோம். பையன் என்னிடம் முதலில் கேட்டது, “தேறாதுன்னு சொன்னது யாரு சார்?”

அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் கெட்டது நிஜம். தேடித் தேடிப் படித்தேன். பிரிட்டனில் 2011-ல் வெளியான பெரிய கணக்கெடுப்பு ஒன்று, தீவிர சிகிச்சைப் பிரிவில் மூச்சுப்பாதைப் பிரச்சினையால் செத்தவர்கள், மூளை பாதிக்கப்பட்டவர்கள் விஷயத்தில் கிட்டத்தட்ட நாலில் மூன்று பங்குக்கு இந்தக் கோடு இல்லாததோ, இருந்தும் சரியாகப் பயன்படுத்தாததோ ஒரு காரணம் என்கிறது. மெஷின் கோளாறு என்று சொன்னவன் நான் ஒருத்தன் இல்லை என்பதில் ஒரு அற்ப ஆறுதல். கோடு இல்லையென்றால் குழாய் அங்கே இல்லை என்றுதான் முதலில் நம்ப வேண்டும். இதயம் நின்றவனுக்குக்கூட நெஞ்சை அழுத்தும்போது சின்னச் சின்ன மேடாவது வரும். முழுத் தட்டை என்றால் சாக்குத் தேடக்கூடாது.

ஆனால் என்னை உலுக்கியது வேறு கதை. இங்கிலாந்தில் 2005-ல் எலைன் ப்ரோமிலி என்ற பெண், வயது 37, இரண்டு குழந்தைகள், சைனஸுக்குச் சின்ன ஆபரேஷன். மயக்க மருந்து கொடுத்த பிறகு மூச்சுக்கு வழி கிடைக்கவில்லை. அனுபவசாலி டாக்டர்கள் சேர்ந்து நின்று குழாய் போட முயன்றுகொண்டே இருந்தார்கள். நிமிடங்கள் போனது அவர்களுக்குத் தெரியவில்லை. ஒரு நர்ஸ் கழுத்தில் வழி திறக்கும் உபகரணத்தைக் கொண்டுவந்து தயார் என்று சொல்லியிருக்கிறார். இன்னொருவர் ஐசியூவில் படுக்கை கேட்டுப் போன் செய்துவிட்டு வந்து சொல்ல, இவர் ஏன் பதறுகிறார் என்பது போலப் பார்த்திருக்கிறார்கள். அவர் படுக்கையை ரத்து செய்துவிட்டார். எலைன் 13 நாள் கழித்து இறந்தார். கணவர் மார்ட்டின் ப்ரோமிலி விமானி. யாரைத் தண்டிக்கலாம் என்று அலையாமல், தெரிந்தவர்கள் ஏன் சொல்ல முடியாமல் போனது என்று கேட்டார். இதற்காகவே 2007-ல் ஒரு குழுவைத் தொடங்கினார்.

இதைப் படித்தபோது விமானம் எனக்கு ஞாபகம் வரவில்லை. நீதான் வந்தாய். தூக்கத்தில் “டிஸ்டன்ட், டபுள் எல்லோ!” என்று கத்துகிறாயாமே, தங்கச்சி எத்தனை முறை புலம்பியிருக்கிறது. நாங்களும் எவ்வளவு கிண்டல் செய்திருப்போம்! கண்ணெதிரே தெரிகிற சிக்னல் விளக்கை இரண்டு பேர் மாற்றி மாற்றிக் கத்துவது எதற்கு என்று. உன் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் அசிஸ்டன்ட் பையன் நேற்றுச் சேர்ந்தவனாக இருந்தாலும் சிக்னலைச் சத்தமாகச் சொல்ல வேண்டும், முப்பது வருஷ சர்வீஸ் போட்ட நீ பதிலுக்குச் சொல்ல வேண்டும். எங்கள் அறையில் அப்படி ஒரு ஏற்பாடு இல்லை. அந்தப் பெண் மூன்று முறை என் முகத்தைப் பார்த்துப் பயந்துதான் சொல்லியிருக்கிறாள்.

உங்கள் வழக்கத்தை இப்போது இங்கே திருடிவிட்டேன். குழாய் போடுவதற்கு முன் உரக்கச் சொல்கிறோம். முதல் முயற்சி இப்படி, முடியாவிட்டால் அப்படி, மூன்றுக்கு மேல் கிடையாது, மாஸ்க்காலும் காற்றுப் போகாவிட்டால் கழுத்தில் கத்தி, கத்தி இதோ இருக்கிறது. குழாய் போட்டதும் ஒருவர் “கோடு?” என்று கேட்க, திரையைப் பார்ப்பவர் “கோடு வருது, ஒண்ணு, ரெண்டு…” என்று எண்ண வேண்டும். சீனியர் ஒருவர், “என்னய்யா, ரயில் ஓட்டுறியா?” என்றார். ஆமாம் சார் என்றேன். அவசர சிகிச்சைக்கென்று இன்னொரு கேப்னோகிராஃப் கேட்டு எழுதிய கடிதம் மட்டும் மூன்று மேசை தாண்டி நாலாவதில் தூங்குகிறது. அதற்கு எந்த சிக்னலும் விழவில்லை.

சரி, இரண்டாவது விஷயம். தங்கச்சி போன் செய்தது. அடுத்த மாதம் உனக்கு ஹெர்னியா ஆபரேஷன், துளை போட்டுச் செய்வதாம், முழு மயக்கமாம். என்னிடம் மறைக்க என்னடா இருக்கிறது? சொல்வதைக் கேள். நீ விடும் குறட்டையைப் பற்றி மயக்க மருந்து டாக்டரிடம் நீயே சொல். நடுவில் மூச்சு நின்று திணறி எழுந்திருப்பதையும் சொல். கடைவாயில் ஆடும் பல்லைச் சொல், உள்ளே விழுந்தால் எடுப்பது பெரும்பாடு. முழு வயிற்றோடு போகாதே, சாப்பிட்டு ஆறு மணி நேரமாவது ஆகியிருக்க வேண்டும், “ரெண்டு இட்லிதானே” என்று ஆரம்பிக்காதே. உன் தொப்பைக்கு அந்தப் பையனுக்குக் கிடைத்த அவகாசத்தில் பாதிகூடக் கிடைக்காது. குறட்டை, தடித்த கழுத்து, தாடி, மூன்றும் சேர்ந்தால் மாஸ்க் உட்காராது.

கண்ணாடி முன்னால் நேராக உட்கார்ந்து வாயை முழுக்கத் திற, சத்தம் போடாமல் நாக்கை நீட்டு. உள்நாக்கு முழுசாகத் தெரிகிறதா? குண்டூரில் மருத்துவம் படித்த மல்லம்பட்டி என்ற டாக்டர் 1985-ல் எழுதிய சோதனை இது. இதை வைத்து மட்டும் எதையும் முடிவு செய்ய மாட்டோம், ஆனாலும் பார்க்காமல் இருக்க மாட்டோம். உன் மூன்று விரல் செங்குத்தாக வாய்க்குள் நுழைகிறதா என்றும் பார். படம் எடுத்து அனுப்பு, தங்கச்சியை எடுக்கச் சொல், நீ எடுத்தால் மூக்குதான் வரும். உனக்கு மயக்கம் கொடுக்கப்போகிறவர் யார் என்று பெயர் வாங்கிக் கொடு, நான் பேசிக்கொள்கிறேன்.

அந்த நர்ஸ் பெண்ணுக்கு ஒப்பந்தம் டிசம்பரில் முடிகிறது. நீட்டிக்கச் சொல்லி எழுதியிருக்கிறேன், அதுவும் நாலாவது மேசையில்.

தாடியை எடுத்துவிடு. மீசையை விட்டுத்தருகிறேன்.

உன்,
மூக்கன்